விட்டுப்போன ‘ஆம்’

பிரெண்டா ரபேலுக்குக் கோபம் வந்தால் குரல் உயராது, இறங்கும். அவளிடம் படித்தவர்களுக்கெல்லாம் இது தெரியும். பாடம் நடக்கும்போது அவள் பேச்சு திடீரென்று மெதுவானால், பின்வரிசையில் யாராவது முணுமுணுப்பார்கள்: “டாக்டர் ஸ்லோ ஆயிட்டாங்க, ஃபோன உள்ள வை லா.”

சத்தம் போட்டு ஜெயிப்பவர்களைப் பார்த்தே வளர்ந்தவள் அவள். அப்பா ரபேல் கிள்ளான் ரயில் நிலையத்தில் சிக்னல் வேலை பார்த்தார். மேலதிகாரி அங்கே அவரைப் பார்த்துக் கத்துவான். அவர் வாயைத் திறக்க முடியாது. வீட்டுக்கு வந்து மனைவியையும் மகளையும் பார்த்துக் கத்துவார். ரயில்வே குவார்ட்டர்ஸின் மெல்லிய சுவர்கள் வழியாக ஒவ்வொரு வீட்டின் சண்டையும் அடுத்த வீட்டுக்குக் கேட்கும். யார் பக்கம் நியாயம் என்று அங்கே யாரும் பார்த்ததில்லை. யார் கடைசியாகக் கத்தினாரோ அவர் சொன்னதுதான் முடிவு.

பட்டப்படிப்பில் மொழியியல் எடுத்தவளுக்கு, ஒரு பருவம் மட்டும் வந்துபோன வருகைதரு விரிவுரையாளர் ஒருவர் தர்க்கம் நடத்தினார். ஒரு வாதத்தை முதல் படி, இரண்டாம் படி, முடிவு என்று பலகையில் பிரித்து எழுதி, எந்தப் படி இடறுகிறது என்று காட்டினார். பிரெண்டா அசந்துபோனாள். ஒருவர் சொல்வது தப்பு என்று கத்தாமலேயே காட்டிவிடலாம்; எதிராளி அதிகாரியாக இருந்தாலும் இடறிய படி இடறியதுதான். அன்றைக்கே தீர்மானித்துவிட்டாள், தனக்கு இதுதான் வேலை என்று. அதைப் படித்தால் எங்கே உத்தியோகம் கிடைக்கும் என்று அப்பா கத்தினார். அவளுக்கும் தெரியாது.

முனைவர் பட்டத்துக்கு ஸ்காட்லாந்து போனாள். அங்கே அவள் எடுத்துக்கொண்ட பொருள் தமிழின் ஒரு சின்ன ஒட்டு. ‘கடை மூடிவிட்டது’ என்றால் பேசுகிறவர் அதற்குப் பொறுப்பு ஏற்கிறார். ‘கடை மூடிவிட்டதாம்’ என்றால் யாரோ சொன்னது காதில் விழுந்தது, மெய்யா பொய்யா என்பதை என் தலையில் கட்டாதே என்கிறார். அந்தக் கடைசி ‘ஆம்’தான் பிரெண்டாவின் ஆராய்ச்சி. கடை உண்மையில் திறந்திருந்தால் ‘மூடிவிட்டதாம்’ என்றவர் பொய் சொன்னவர் ஆவாரா? மாட்டார் என்றால், அவர் எதைத்தான் சொன்னார்?

உதாரணங்களுக்கு அவள் எங்கும் அலைய வேண்டியிருக்கவில்லை. அப்பா ஓய்வு பெற்றபின் குடும்பம் கோலாலம்பூரின் பிரிக்பீல்ட்ஸ் பகுதியில் ஓர் அடுக்குமாடிக்கு வந்திருந்தது. அம்மா சாந்தமேரி ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் ஸ்காட்லாந்துக்குப் போன் போடுவாள். பேச்சில் பாதி வாக்கியங்கள் ‘ஆம்’ என்றே முடியும். ஒருமுறை அம்மா அழுதுகொண்டே பேசினாள். மாதா கோயில் பாடகர் குழுவில் இருந்த ஷார்மைன் வேலையை விடப்போகிறாளாம் என்று அம்மா யாரிடமோ சொல்ல, அது சுற்றிச் சுற்றி ஷார்மைனின் முதலாளி காதுக்குப் போய்விட்டது. ஷார்மைனின் தாய் கோயில் வாசலிலேயே சண்டைக்கு வந்துவிட்டாள்.

“நான் எங்கடி சொன்னேன்? அப்படி சொல்றாங்கன்னுதானே சொன்னேன்!” என்றாள் அம்மா.

“அதுக்கு அவங்க என்ன சொன்னாங்க?”

“அப்ப வாய மூடிக்கிட்டு இருந்திருக்கலாமேன்னு கேக்குறா.”

பிரெண்டா அம்மாவைத் தேற்றுவதை விட்டுவிட்டுத் தாளைத் தேடினாள். இரண்டு தாய்மார்களும் சொன்னது சரி. அம்மா பொய் சொல்லவில்லை. ஆனால் ஒரு பேச்சை இன்னொரு காதுக்குக் கொண்டுபோன பொறுப்பு அவளுக்கு உண்டு. இந்த இரண்டையும் பிரித்துக் காட்டுவதுதான் பிரெண்டாவின் ஆய்வேடாக வளர்ந்தது. பிற்பாடு அதன் சாரத்தை ஒரு கட்டுரையாகவும் எழுதினாள். ஐரோப்பாவில் சில பேர் அதைப் படித்து மேற்கோள் காட்டினார்கள்.

ஊர் திரும்பியதும் கிள்ளானுக்கும் கோலாலம்பூருக்கும் நடுவே நெடுஞ்சாலையை ஒட்டியிருந்த ஒரு தனியார் பல்கலைக்கழகத்தில் வேலை கிடைத்தது. அதே மாதம் அங்கே சேர்ந்தவன் சுகுமாறன். சந்தைப்படுத்தல் விரிவுரையாளன். அவனும் கிள்ளான்காரன், அவள் வயதுதான்; இப்போது குடியிருந்தது பிரிக்பீல்ட்ஸ் பக்கம். முதல் சில வருடங்கள் இருவரும் ஒரே காரில் போய் வந்தார்கள். நெரிசலில் கார் நகராமல் நிற்கும்போது அவன் அவளைச் சீண்டுவான்: “ஆமா, இந்த ‘ஆம்’ம வச்சு என்னத்த விக்கிறது?” அவளும் சிரிப்பாள்.

சிரிப்பு நிற்க அதிக காலம் ஆகவில்லை. சுகுமாறன் துறைத் தலைவனானான், பிறகு துணை டீன் ஆனான். தேர்வுப் பிரிவும் அவன் கைக்கு வந்தது. பிரெண்டாவின் தர்க்க வகுப்பில் மாணவர் எண்ணிக்கை போதவில்லை என்று அதை மூடினார்கள். மொழித் தத்துவம் அதற்கு முன்பே போயிருந்தது. கணக்கியல் மாணவர்களுக்கு ‘கிரிட்டிக்கல் திங்கிங்’ என்ற பொதுப்பாடம் நடத்தச் சொன்னார்கள். ஸ்லைடுகள் ஏற்கெனவே தயாராக இருந்தன. அவற்றில் இருந்த தப்புகளைத் திருத்தக்கூட அவளுக்கு அனுமதி இல்லை. ‘நல்ல சிந்தனையாளர் எப்போதும் நேர்மறையாக யோசிப்பார்’ என்று ஒரு ஸ்லைடு. அந்த ஸ்லைடு வரும்போதெல்லாம் அவள் குரல் இறங்கிவிடும்.

இணைப் பேராசிரியர் பதவிக்கு விண்ணப்பித்தாள். நேர்காணல் குழுவின் தலைவர் சுகுமாறன். மேசைமேல் அவளுடைய கட்டுரைகள் பிரிக்கப்படாமல் கிடந்தன.

“நல்ல வேலதான் பிரெண்டா, இல்லன்னு சொல்லல. ஆனா இம்பேக்ட் எங்க? இத யாரு படிக்கிறா?”

“நீ படிச்சியா?”

“எனக்கு எங்க டைம்?”

அவள் எழுந்து வந்துவிட்டாள். அடுத்தமுறையும் விண்ணப்பித்தாள், அதற்கு அடுத்தமுறையும். பதவிமேல் ஆசை எப்போதோ போய்விட்டிருந்தது. அவர்கள் ஒவ்வொரு முறையும் இல்லை என்று வாயால் சொல்ல வேண்டும், சுலபமாக விடக் கூடாது என்ற வீம்புதான் மிச்சம்.

அப்படியே இருபது வருடம் போனது. அம்மா கேட்பாள்: “ஏன்டி, வேலையும் இருக்கு, மாசா மாசம் சம்பளமும் வருது. எதுக்கு எப்பப் பாத்தாலும் மூஞ்சிய இப்படி வச்சிருக்கே?” ஒரு மனுஷி தன் வாழ்நாளில் உருப்படியாகச் செய்த ஒரே காரியத்தை, கூட இருக்கிறவர்கள் ஒருமுறை பிரித்துக்கூடப் பார்க்கவில்லை என்பதை எப்படிச் சொல்வது?

கார்த்திகாவின் விவகாரம் அப்போதுதான் வந்தது.

கார்த்திகா விருதுநகரிலிருந்து மாணவர் விசாவில் வந்து கணக்கியல் படித்துக்கொண்டிருந்த பெண். இறுதித் தேர்வு ஒன்றின் வினாத்தாள் முதல் நாளே கசிந்துவிட்டது. எப்படிக் கசிந்தது என்று யாருக்கும் தெரியவில்லை. விடுதித் தோழிகளின் வாட்ஸ்அப் குழுவில் கார்த்திகா தமிழில் அனுப்பிய ஒரு குரல் பதிவு மட்டும் நிர்வாகத்திடம் சிக்கியது. தாளைத் திருடி வைத்திருந்து பரப்பினாள் என்று குற்றம் சாட்டினார்கள். நிரூபணமானால் நீக்கம். நீக்கினால் விசா போய்விடும்.

விசாரணைக் குழுவில் மூன்று பேர். சுகுமாறன் தலைவன். சட்டம் கற்பிக்கும் நோர்லைலா இரண்டாவது ஆள். அதிகம் பேசாத, எதையும் இரண்டு முறை கேட்டு உறுதி செய்துகொள்கிற பெண்மணி. ஆசிரியர் பிரதிநிதியாகச் சுழற்சி முறையில் அந்த வருடம் பிரெண்டாவின் பெயர் வந்திருந்தது.

விசாரணை ஆங்கிலத்தில் நடந்தது. மேசையின் மறுகோடியில் கார்த்திகா கைகளை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். சுகுமாறன் குரல் பதிவின் மொழிபெயர்ப்பைத் திரையில் காட்டினான். ‘நாளைய தாள் கசிந்துவிட்டது. மூன்றாம் கேள்வி குத்தகைக் கணக்கிலிருந்து வருகிறது. எதற்கும் பார்த்து வைத்துக்கொள்ளுங்கள்.’

“தெளிவாக இருக்கிறது. தாள் கையில் இருந்தால்தான் மூன்றாம் கேள்வி என்ன என்று சொல்ல முடியும்” என்றான்.

நோர்லைலா தலையசைத்தார். பிரெண்டா பதிவைப் போடச் சொன்னாள்.

கார்த்திகாவின் குரல், அவசரமாக: “ஏய், நாளைக்கு பேப்பர் லீக் ஆயிடுச்சாம்பா. மூணாவது கேள்வி லீஸ்ல இருந்து வருதாம். எதுக்கும் பாத்து வச்சுக்கங்க.”

“இன்னொரு தடவை” என்றாள் பிரெண்டா. மறுபடி கேட்டாள். பிறகு திரையைப் பார்த்தாள்.

“இதை மொழிபெயர்த்தது யார்?”

“தேர்வு யூனிட்டில் செய்தது.”

“யூனிட்டில் யார்?”

“நான்தான். வெளி ஆளைத் தேட நேரமில்லை.”

பிரெண்டா நோர்லைலா பக்கம் திரும்பினாள். “இவள் தாள் கசிந்துவிட்டது என்று சொல்லவில்லை. கசிந்துவிட்டதாம் என்கிறாள். மூன்றாம் கேள்வி குத்தகையிலிருந்து வருகிறது என்று சொல்லவில்லை. வருகிறதாம் என்கிறாள். யாரோ சொன்னதைக் கேட்டேன், எனக்கு நேரடியாகத் தெரியாது என்று அர்த்தம். தமிழ் பேசுகிற எந்தக் குழந்தைக்கும் இது தெரியும். மொழிபெயர்ப்பில் இரண்டுமே இல்லை.”

“அந்தக் கடைசிச் சத்தத்தில் அவ்வளவு இருக்கிறதா?” என்று கேட்டார் நோர்லைலா.

“மலாயில் நீங்கள் ‘கொனொன்’ என்கிறீர்களே. ‘கெர்த்தாஸ் சூடா போச்சோர், கொனொன்.’” தாள் கசிந்துவிட்டதாம் என்பதை அப்படியே மலாயில் சொல்லிக் காட்டினாள்.

நோர்லைலாவின் முகம் மாறியது. “ஓ, கொனொன்!” என்றார். பேனாவை எடுத்துத் தன் தாளில் எதையோ அடித்துவிட்டு வேறு எழுதினார்.

சுகுமாறன் அசையவில்லை. தன் கோப்பைத் திறந்து பிணைத்த தாள்கள் சிலவற்றை எடுத்தான். பிரெண்டா தூரத்திலிருந்தே அடையாளம் கண்டுகொண்டாள். அவளுடைய கட்டுரை. சில வரிகள்மேல் மஞ்சள் கோடு.

“டாக்டர் பிரெண்டாவே எழுதியது. வாசிக்கிறேன். ‘ஆம் சேர்த்துச் சொல்வதால் ஒருவர் தம் சொல்லின் பொறுப்பிலிருந்து விடுபடுவதில்லை. கேட்ட பேச்சை மேலும் பரப்புகிறவர், அதன் விளைவுக்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டவர்.’ இது உங்கள் எழுத்துதானே, டாக்டர்?”

பிரெண்டா மஞ்சள் கோடுகளைப் பார்த்தாள். இருபது வருடம். மேசைமேல் பிரிக்காமல் கிடந்த தாள்கள். ‘இத யாரு படிக்கிறா?’ கடைசியில் படித்துவிட்டான். ஒரு பெண்ணை ஊரைவிட்டு அனுப்புவதற்காகப் படித்திருக்கிறான். அந்தத் தாள்களைப் பிடுங்கி அவன் முகத்தில் எறிய வேண்டும்போல இருந்தது. அப்பாவாக இருந்திருந்தால் எறிந்திருப்பார்.

அவள் குரல் இறங்கியது. ஆங்கிலத்தை விட்டுவிட்டுத் தமிழில் பேசினாள்.

“சுகு, ஒண்ணொண்ணா வரேன், கேட்டுக்க. இந்தக் கட்டுரைய நீ இங்க வர்றதுக்கு முன்னாடியே தேடி எடுத்து, கோடு போட்டு, ஃபைல்ல வச்சிருக்கே. அப்ப நான் ‘ஆம்’ பத்திப் பேசுவேன்னு உனக்குத் தெரியும். அது தெரியும்னா, அந்தப் பொண்ணு பேச்சுல ‘ஆம்’ இருக்குன்னும் தெரியும். தெரிஞ்சேதான் இங்கிலீஷ்ல எடுத்துட்டே. இதுல எந்தப் படி தப்பு? சொல்லு.”

சுகுமாறன் நோர்லைலாவைப் பார்த்தான். “நாம் ஆங்கிலத்தில் பேசலாமே.”

பிரெண்டா அதே வார்த்தைகளை ஆங்கிலத்தில் சொன்னாள், ஒரு படியும் விடாமல்.

“மொழிபெயர்ப்பில் சின்னச் சின்ன விஷயங்கள் விடுபடும்” என்றான் அவன்.

“அடுத்த பத்தியை வாசியுங்கள்” என்றாள் பிரெண்டா.

“எது?”

“மஞ்சள் கோட்டுக்குக் கீழே. கோடு போடாத பத்தி.”

அவன் வாசிக்கவில்லை. நோர்லைலா கை நீட்டித் தாளை வாங்கி, தானே மெதுவாக வாசித்தார். ‘ஆயினும் இந்தப் பொறுப்பைக் காட்டி, பேசியவருக்கு அச்செய்தி தெரிந்திருந்தது என்று முடிவு கட்டக் கூடாது. பரப்பியது வேறு, அறிந்திருந்தது வேறு.’ வாசித்து முடித்துத் தாளைக் கவிழ்த்து வைத்தார்.

வினாத்தாள் பூட்டி வைக்கப்பட்டிருந்தது தேர்வுப் பிரிவில். அந்தப் பிரிவு சுகுமாறனுடையது. பல்கலைக்கழகத்தின் தரத்தைச் சோதிக்கும் அங்கீகாரக் குழு அடுத்த மாதம் வரவிருந்தது. அதற்குள் ஒரு குற்றவாளி கிடைத்துவிட்டால் அவனை யாரும் எதுவும் கேட்க மாட்டார்கள். பிரெண்டாவின் நாக்கு நுனிவரை வந்தது. ஆனால் அவளிடம் ஆதாரம் இல்லை. ஊகத்தை உண்மையாகச் சொல்கிற வேலையைத்தான் எதிரே இருப்பவன் செய்திருக்கிறான். பல்லைக் கடித்துக்கொண்டு விழுங்கினாள்.

கார்த்திகாவை வெளியே அனுப்பிவிட்டு வாக்கெடுத்தார்கள். திருட்டுக் குற்றச்சாட்டு இரண்டுக்கு ஒன்று என்று விழுந்தது. நீக்கம் இல்லை. பிரெண்டா மூச்சு விட்டாள். ஆனால் நோர்லைலா நேர்மையான ஆள், பாதியில் நிறுத்தவில்லை. “டாக்டர் பிரெண்டாவின் வாதப்படியே, பரப்பிய பொறுப்பு இருக்கிறது அல்லவா?” என்று கேட்டார். இருக்கிறது. பிரெண்டாவால் இல்லையென்று சொல்ல முடியவில்லை. எச்சரிக்கைக் கடிதத்துக்கு அவளும் கை தூக்கினாள். அந்தப் பாடத்துக்குப் பூஜ்யம் என்று சுகுமாறன் சேர்த்தபோது அவள் மறுத்தாள். நோர்லைலா தயங்கி, கடைசியில் சுகுமாறன் பக்கம் சாய்ந்தார்.

லிஃப்ட் அருகே கார்த்திகா நின்றிருந்தாள். முடிவை அதற்குள் சொல்லிவிட்டிருந்தார்கள். பிரெண்டா பக்கத்தில் போனாள். நன்றி சொல்வாள் என்று உள்ளூர எதிர்பார்த்திருந்தாளோ என்னவோ, பின்னாளில் அதை நினைத்துத்தான் அதிகம் வெட்கப்பட்டாள்.

“எச்சரிக்கைக்கு நீங்களும் கை தூக்குனீங்களா மேடம்?”

“தூக்கினேன். பூஜ்யத்துக்குத் தூக்கல.”

“ஒண்ணரை மணி நேரம் பேசுனீங்க. நான் சொன்னதுக்கு அர்த்தம் என்னன்னு மூணு பேரும் மாத்தி மாத்தி சண்டை போட்டீங்க. நான் அங்கயேதான் உக்காந்திருந்தேன். நீ என்ன நெனச்சு சொன்னேன்னு ஒருத்தராவது கேட்டீங்களா?”

கார்த்திகா லிஃப்ட் பொத்தானை அழுத்தினாள்.

“அவரு அவரோட வேலைய காப்பாத்துனாரு. நீங்க உங்க கட்டுரைய காப்பாத்துனீங்க” என்றாள் கார்த்திகா. லிஃப்ட் வந்தது, போய்விட்டாள்.

அன்று பிரெண்டா கொம்யூட்டர் என்ற புறநகர் ரயிலில் பிரிக்பீல்ட்ஸ் போகாமல், எதிர்த்திசை ரயிலில் ஏறி உட்கார்ந்துவிட்டாள். கிள்ளான் தாண்டி, போர்ட் கிள்ளான் கடைசி நிலையத்தில் எல்லாரும் இறங்கிய பிறகுதான் உணர்ந்தாள். ஷிப்ட் முடிந்து வந்த கிடங்குத் தொழிலாளர்கள் அதே பெட்டியில் ஏறினார்கள். அவள் இறங்காமலே இருந்தாள். சுகுமாறன்மேல் எரிந்த கோபம் இப்போது எங்கே போவது என்று தெரியாமல் அவளையே சுற்றி வந்தது. பேச்சின் பொருள் என்ன என்பதை வாழ்நாள் முழுக்கப் படித்தவள், பேசியவளை எதிரில் வைத்துக்கொண்டு அவளிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

மறுநாளே மேல்முறையீடு செய்யத் தீர்மானித்தாள். நோர்லைலாவைத் தேடிப் போனாள். பூஜ்யத்துக்குக் கை தூக்கியது தன்னை உறுத்துகிறது என்று அவரும் சொன்னார். ஆனால் எதையும் எழுதுவதற்கு முன்னால் பிரெண்டா கார்த்திகாவைப் பார்க்கப் போனாள். விடுதிக் கேன்டீனில், தட்டுகள் மோதும் சத்தத்தின் நடுவே, கார்த்திகா முறைத்துக்கொண்டே உட்கார்ந்தாள்.

“இப்ப கேக்குறேன். என்ன நெனச்சு சொன்னே?”

கார்த்திகா தட்டை ஒதுக்கி வைத்தாள். பிறகு சொன்னாள். “இங்கதான், பின்னாடி மேசைல ரெண்டு பசங்க பேசிக்கிட்டாங்க. யாருன்னு தெரியாது. நான் நம்பல மேடம். ஆனா பயமா இருந்துச்சு. எல்லாருக்கும் தெரிஞ்சு எனக்கு மட்டும் தெரியாம போயிருச்சோன்னு. குரூப்ல போட்டா யாராச்சும் ‘சே, அதெல்லாம் பொய்’னு சொல்லுவாங்க, நிம்மதியா படுத்துக்கலாம்னு போட்டேன்.”

“அப்ப நீ சொல்லல. கேட்டே.”

“ஆமா, கேட்டேன். எவளும் பதில் போடல. எல்லாரும் கட்டை விரல தூக்கிட்டு லீஸ் படிக்கப் போயிட்டாளுக.”

‘ஆம்’ போட்டு ஒருவர் செய்தி சொல்லலாம், பொறுப்பைக் கழற்றலாம், வம்பு பேசலாம் என்று பிரெண்டா பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறாள். சொல்வதுபோல ஒருவர் கேட்கவும் செய்யலாம், உண்மையா என்று, யாராவது இல்லையென்று சொல்ல மாட்டார்களா என்று. பிரிக்பீல்ட்ஸிலிருந்து ஸ்காட்லாந்துக்கு அம்மா போட்ட போன்களில் பாதி அப்படித்தான் இருந்திருக்க வேண்டும். அவள் அதைக் காதில் வாங்கவே இல்லை.

மேல்முறையீட்டைக் கார்த்திகாவின் வார்த்தைகளிலேயே எழுதினார்கள். வாட்ஸ்அப் குழுவில் உள்ள மற்ற மாணவிகளை அழைத்துக் கேட்டபோது, இருவர் அந்தப் பேச்சைக் கேன்டீனில் தாங்களும் கேட்டதாக ஒப்புக்கொண்டார்கள். பூஜ்யம் ரத்தானது. எச்சரிக்கையும் போனது. மறுதேர்வு எழுத அனுமதித்தார்கள். கார்த்திகா எழுதித் தேறினாள். பட்டம் வாங்கிக்கொண்டு போகும்போது பிரெண்டாவின் அறைக் கதவைத் தட்டி, “வரேன் மேடம்” என்று மட்டும் சொன்னாள். உள்ளே வந்து உட்காரவில்லை. அவள் உட்காராதது நியாயம் என்றே பிரெண்டாவுக்குப் பட்டது.

மொழிபெயர்ப்பைப் பற்றி பிரெண்டா தனியாக ஒரு புகார் கொடுத்தாள். ‘மொழிநடை வேறுபாடு’ என்று இரண்டு சொல்லில் பதில் வந்தது. கசிவு எங்கிருந்து வந்தது என்று யாரும் பிறகு விசாரிக்கவில்லை. அங்கீகாரக் குழு வந்து பார்த்துவிட்டுத் திருப்தியாகப் போனது. அடுத்த ஆண்டு சுகுமாறன் டீன் ஆனான். பொதுப்பாடப் பிரிவைச் சீரமைக்கிறார்கள் என்று சொல்லி பிரெண்டாவின் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கவில்லை. அவளுக்குக் காரணம் தெரியும். அதையும் அவளால் நிரூபிக்க முடியாது.

கடைசி நாளில் பிரியாவிடைத் தேநீருக்குக் கூப்பிட்டார்கள். பிரெண்டா போகவில்லை. தன் அறையில் உட்கார்ந்து பொதுப்பாட ஸ்லைடுகள் முழுவதையும் திருத்தினாள். தப்பான வாதம் ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் எந்தப் படி இடறுகிறது என்று எழுதி, எல்லா விரிவுரையாளர்களுக்கும் அனுப்பிவிட்டுக் கணினியை அணைத்தாள். யாரும் பதில் எழுதவில்லை. புதிதாகச் சேர்ந்த ஜீவன் என்ற ஆசிரியர் மட்டும் வகுப்பில் திருத்திய ஸ்லைடுகளையே காட்டுவதாகப் பிறகு கேள்விப்பட்டாள்.

இப்போது கிள்ளானில் ஒரு சிறு கல்லூரியில் வாரத்துக்கு இரண்டு நாள் பாடம் எடுக்கிறாள். நோர்லைலா தன் பழைய மாணவர்களான வழக்கறிஞர்களிடம் சொல்லிவைத்ததில், தமிழில் வாக்குமூலம் கொடுத்தவர்களின் மொழிபெயர்ப்பைச் சரிபார்க்கும் வேலையும் அவ்வப்போது வருகிறது. ‘ஆம்’ எவ்வளவு சுலபமாக உதிர்ந்துபோகிறது என்பதைப் பார்க்கப் பார்க்க அவளுக்கு வயிறு எரிகிறது. லோரி ஓட்டுநர், கிடங்குக் காவலர், தோட்டக்காரர் என்று யார் யாரோ கேள்விப்பட்டதைச் சொல்லிவிட்டு, கண்ணால் பார்த்தவர்களாகத் தாளில் நிற்கிறார்கள். அவர்களைக் கூப்பிட்டு உட்காரவைத்து, என்ன நினைத்துச் சொன்னீர்கள் என்று முதலில் கேட்கிறாள். அதன் பிறகுதான் பேனாவை எடுக்கிறாள்.

கேட்பதற்காகச் சொல்வதைப் பற்றி ஒரு புதிய கட்டுரை எழுதினாள். பழைய கட்டுரையில் தான் எதைப் பார்க்கத் தவறினாள் என்று முதல் பக்கத்திலேயே எழுதியிருந்தாள். அச்சில் வந்தபோது அவள் பெயருக்குக் கீழே எந்தப் பல்கலைக்கழகத்தின் பெயரும் இல்லை. ‘பிரிக்பீல்ட்ஸ், கோலாலம்பூர்’ என்று போட்டிருந்தார்கள். அம்மா அதைக் கண்ணாடி போட்டுக்கொண்டு பார்த்தாள். “நம்ம ஏரியா பேரு வந்திருக்கே!” என்றாள். அந்த ஒரு நாள் பிரெண்டா வாய்விட்டுச் சிரித்தாள்.

சென்ற மாதம் பிரிக்பீல்ட்ஸில் ஒரு வாழையிலைக் கடையில் அவள் தனியாகச் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். சுகுமாறன் குடும்பத்தோடு உள்ளே வந்தான். அவளைக் கண்டதும் தயங்கி, மனைவியை ஒரு மேசையில் உட்காரவைத்துவிட்டு அவளிடம் வந்தான். தலை நன்றாக நரைத்திருந்தது.

“எப்படி இருக்கே பிரெண்டா? அம்மா நல்லா இருக்காங்களா?”

“இருக்காங்க.”

“உன் புது ஆர்ட்டிக்கிள் பாத்தேன். நல்லா வந்திருக்கு.”

அவள் சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தாள். அவன் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றான். உட்காரச் சொல்வாள் என்று காத்திருந்ததுபோல இருந்தது.

“இவ்ளோ நாள் ஆச்சு லா. இன்னும் கோபம் போகலையா?”

“போகல” என்றாள் பிரெண்டா. குரல் அடிமட்டத்தில் இருந்தது. “போகவும் விடமாட்டேன். எனக்கு அது வேணும்.”

அவன் இன்னும் கொஞ்சம் நின்றுவிட்டுத் தன் மேசைக்குப் போனான். பிரெண்டா பரிமாறுகிறவரைக் கூப்பிட்டாள்.

“அண்ணே, ரசம் இன்னும் கொஞ்சம் ஊத்துங்க.”